தியூலா போட்ட உப்பு

தியூலாவின் செத்துப்போன தம்பி மூன்று வருஷம் கழித்து ஒரு செவ்வாய்க்கிழமை உச்சி வெயிலில், தோர்வில் ஓட்டிவந்த மோட்டார் சைக்கிளின் பின்னால் உட்கார்ந்து வந்து இறங்கினான். வந்தவன் தம்பிதானா என்பது வேறு கேள்வி. ஆனால் அம்மா செலிமேன் அவனைப் பார்த்த மாத்திரத்தில் கையிலிருந்த முறத்தைப் போட்டுவிட்டு, "ஐயோ, என் அனெலூஸ்!" என்று அலறிக்கொண்டு ஓடிப்போய்க் கட்டிக்கொண்டாள். முற்றமெல்லாம் அரிசி சிதறியது. கோழிகளுக்கு அன்று நல்ல வேட்டை.

அதே முற்றத்தின் எதிர்ப்பக்கத்தில் தன் வீட்டு வாசலில் கரி அடுப்பை விசிறிக்கொண்டிருந்த தியூலா எழுந்து நின்றாள். வந்தவனுக்கு இடது புருவத்துக்கு மேல் ஒரு வெட்டுத் தழும்பு இருந்தது. அனெலூஸுக்கும் இருந்தது. முன்பல் சந்து, உயரம், நிறம் எல்லாம் சரிதான். ஆனால் அவள் தம்பி ஓர் இடத்துக்கு வந்தால் அந்த இடமே கலகலத்துப்போகும். இவனோ தோள் தொங்க, தரையைப் பார்த்தபடி, இறக்கிவிட்ட இடத்திலேயே நின்றான்.

"சந்தையில அழுகின மாம்பழத்தைப் பொறுக்கித் தின்னுக்கிட்டு இருந்தான் அத்தை," என்றான் தோர்வில். செலிமேனின் அண்ணன் மகன் அவன். "அனெலூஸுன்னு கத்தினேன். திரும்பினான்! எனக்கு உடம்பெல்லாம் புல்லரிச்சுப்போச்சு."

சந்தையில் யார் எதைச் சொல்லிக் கத்தினாலும் நாலு பேர் திரும்புவார்கள் என்று தியூலா நினைத்துக்கொண்டாள்.

"டேய், பேரு என்னடா? சொல்லுடா ராசா," என்று அம்மா அவன் முகத்தைக் கையில் ஏந்திக் கேட்டாள். அவன் மூக்காலேயே "உம்" என்றான். கூடியிருந்த பெண்கள் சட்டென்று இரண்டடி பின்வாங்கினார்கள். மூக்கால் பேசுவது யாரென்று எங்கள் பக்கத்தில் பால்குடி மறக்காத பிள்ளைக்கும் தெரியும். அந்த வார்த்தையை யார் முதலில் சொல்வது என்றுதான் எல்லோரும் காத்திருந்தார்கள்.

"ஜாம்பி," என்றான் தோர்வில்.

மியாமியில் ஆறு வருஷம் இருந்துவிட்டுத் திரும்பிய முடிவெட்டுக்காரன் ஒருத்தன் அந்தக் கூட்டத்தில் இருந்தான். "கிட்டப் போகாதீங்க, கடிச்சிரும்! அங்க சினிமாவுல காட்டுவான். ஒண்ணு ஒருத்தனைக் கடிச்சா அவனும் ஜாம்பி. ஊரே ஜாம்பி ஆயிரும். மண்டையில சுட்டாத்தான் விழும்," என்று பதறினான். பெண்கள் வயிறு வலிக்கச் சிரித்தார்கள்.

"அட கிறுக்கா! கடிக்கிறதுக்கு அதுக்கு ஏதுடா தெம்பு? பாவம், சாகவும் விடாம எவனோ அதைப் புடிச்சு வேலை வாங்கியிருக்கான். ஜாம்பியைப் பார்த்து எவனாச்சும் பயப்படுவானா? ஆக்கினவனைப் பார்த்துல்ல பயப்படணும்!" என்றாள் அவர்களில் ஒருத்தி.

சிரிப்பு அந்த இடத்தில் நின்றுபோனது. ஆக்கினவன். எல்லார் கண்ணும் ஒன்றாகத் திரும்பி, தோளில் மண்வெட்டியோடு வயலிலிருந்து அப்போதுதான் முற்றத்துக்குள் நுழைந்த ஓர் ஆளின் மேல் போய் விழுந்தது. அது தியூலாவின் புருஷன் எக்சுமே.

எக்சுமேவுக்கும் அனெலூஸுக்கும் ஆகாது. இரண்டு பேருக்கும் அடுத்தடுத்த நெல்வயல், ஒரே வாய்க்கால். தண்ணீர் முறைக்காக வாரத்துக்கு ஒரு சண்டை நடக்கும். அனெலூஸ் சாவதற்குப் பத்து நாள் முன்பு, எக்சுமே ஊர் பார்க்க வாய்க்கால் கரையில் நின்று, "நீ செத்தாலும் விடமாட்டேண்டா, எழுப்பிக் கொண்டாந்து என் வயல்ல நாத்து நடவெப்பேன்!" என்று கத்தினான். கோபத்தில் யார்தான் என்னதான் சொல்வதில்லை? ஆனால் பத்தே நாளில் அனெலூஸ் காய்ச்சலில் போய்ச் சேர்ந்தான். அவன் வயலையும் எக்சுமேதான் இப்போது உழுகிறான்.

சாவு நடந்தபோது தியூலா ஊரில் இல்லை. தலைநகரத்தில் அரிசி விற்றுக்கொண்டிருந்தாள். ஆகஸ்ட் புயல் பாலத்தைக் கொண்டுபோய்விட்டது. ஐந்தாம் நாள் சேறு மிதித்து வந்து சேர்ந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. எக்சுமே வீட்டுக் கதவைக் கழற்றிப் பெட்டி செய்து, அவனே ஆணி அடித்து, அன்றைக்கே புதைத்துவிட்டான். மறுநாள் ஆறு கரை புரண்டு வந்து இடுகாட்டில் பாதியை அரித்துக்கொண்டு போய்விட்டது. தோண்டிப் பார்க்கலாம் என்றால் தோண்டுவதற்குக் குழியே கிடையாது. தம்பியின் செத்த முகத்தை அவள் பார்க்கவே இல்லை.

இரண்டு நாளில் எக்சுமேவின் வீட்டைச் சோதனை போட வந்துவிட்டார்கள். ஜாம்பியின் ஆவியைக் குப்பியில் அடைத்துத்தான் வைத்திருப்பார்கள், அது கிடைத்தால் எல்லாம் சரியாகிவிடும் என்று தோர்வில் முன்னால் நின்றான். பெட்டியை உருட்டினார்கள், பாயை உதறினார்கள், கூரை ஓலையைக் குத்தினார்கள். கடைசியில் அலமாரிக்குப் பின்னாலிருந்து, துணியால் வாய் கட்டிய ஒரு கறுப்புக் குப்பி கிடைத்தது. தோர்வில் இரண்டு கையாலும் அதை ஏந்திக்கொண்டு போய், முணுமுணுவென்று ஏதோ சொல்லி, வந்தவன் தலையில் கவிழ்த்தான்.

ஆமணக்கெண்ணெய். எக்சுமே முழங்கால் வலிக்குத் தடவுவது.

"முடி நல்லா வளரும், விடு," என்றான் எக்சுமே. யாரும் சிரிக்கவில்லை. எண்ணெய் வழியும் தலையோடு அந்த மனிதன் அசையாமல் உட்கார்ந்திருந்தான்.

பகுதித் தலைவர் லிபேரிஸ் வந்து இரண்டு பக்கமும் கேட்டார். நல்ல மனுஷர்தான், ஆனால் கூட்டத்தைப் பார்த்தால் குரல் இறங்கிவிடும். "அடுத்த சனிக்கிழமை மாமரத்தடியில எல்லாரும் கூடுவோம். அதுக்குள்ள எக்சுமே உண்மையைச் சொல்லணும். சொல்லலைன்னா... அப்புறம் நான் பொறுப்பில்லை," என்றார். தலைவர் பொறுப்பில்லை என்று சொன்னால் என்ன நடக்கும் என்று எல்லோருக்கும் தெரியும். வெட்டுக்கத்தி இல்லாத வீடு எங்கள் சமவெளியில் கிடையாது.

அன்று சாயங்காலம் தியூலா புருஷனிடம், "நாட்டு எல்லைக்கு அந்தாண்டை போயிரு. கரும்பு வெட்டப் போற வண்டி நாளைக்கு இருக்கு," என்றாள்.

"போனா நான்தான் செஞ்சேன்னு ஆயிரும்."

"இருந்தா கொன்னுடுவானுங்க."

"நீ என்ன நினைக்கிற?"

அவள் பார்வை அவன் முகத்தை விட்டு விலகியது. அதை அவன் கவனித்தான். "நான் நினைக்கிறதுக்கு என்ன இருக்கு," என்று எதையோ சொல்லி அடுப்புப் பக்கம் திரும்பினாள்.

நினைப்பதற்கு நிறையவே இருந்தது. பதினான்கு வருஷம் ஒரே பாயில் படுத்த மனுஷன். கோழியைக்கூட அவளைத்தான் அறுக்கச் சொல்வான். அப்படிப்பட்டவனா? ஆனால் ஏன் அன்றைக்கே புதைத்தான்? வேறு யாரையும் ஆணி அடிக்க ஏன் விடவில்லை? கேட்காமல் இருந்தால் மண்டை வெடித்துவிடும் போலிருந்தது. மறுநாள் வரப்பில் வைத்துக் கேட்டேவிட்டாள்.

"பெட்டியில ஊசி வெச்சியா?"

காதில்லாத ஊசியும் நூலும் ஒரு பிடி எள்ளும் செத்தவன் பக்கத்தில் வைக்காமல் எந்த வீட்டிலும் பெட்டியை மூடமாட்டார்கள். செத்தவன் நூல் கோக்கப் பார்த்துக்கொண்டும் எள்ளை எண்ணிக்கொண்டும் இருப்பான். சூனியக்காரன் வந்து பேர் சொல்லிக் கூப்பிட்டாலும் காதில் விழாது. வைக்காமல் விட்டவன் கூப்பிடுகிறவனுக்குக் கதவைத் திறந்து வைத்த மாதிரி.

"வெச்சேன்னு அப்பவே சொன்னேனே," என்றான் எக்சுமே.

"ஊசி ஏது?"

"உங்க அம்மாதான் குடுத்தாங்க."

அவள் நேரே அம்மாவிடம் போனாள். "என்கிட்ட ஏதுடி ஊசி?" என்றாள் செலிமேன். "தையல் பெட்டியே முதல் நாள் வெள்ளத்துல போயிருச்சே. அவன் என்கிட்ட எதுவும் கேக்கவும் இல்லை, நான் குடுக்கவும் இல்லை. ஏன் கேக்கிற?"

"சும்மாதான்."

பொய் சொல்லியிருக்கிறான். ஊசி விஷயத்தில் பொய் சொன்னவன் வேறு எதில் சொல்லவில்லை? அன்றிலிருந்து அவன் முதுகைப் பார்த்தாள், கையைப் பார்த்தாள், தூங்கும்போது வாயைப் பார்த்தாள். தோர்விலையும் விட்டுவைக்கவில்லை. எக்சுமே போய்த் தொலைந்தால் அந்த வயல் யாருக்கு? சந்தையில் எவனையோ பிடித்துக் கூட்டிவந்திருக்க மாட்டானா? யோசிக்க யோசிக்க யாரையுமே நம்ப முடியவில்லை. சே, என்ன பிழைப்பு இது என்று தன்மேலேயே எரிச்சல் வந்தது.

வந்தவனோ நாளுக்கு நாள் மோசமானான். முதல் நாள் நடந்தவன் அடுத்த வாரம் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றான். தலை கிறுகிறுத்து விழுந்தான், கெண்டைக்கால் சுண்டி இழுத்துக் கத்தினான். அம்மா அவனை மடியில் போட்டுக்கொண்டு சோளக்கஞ்சி ஊட்டினாள். உப்பில்லாத கஞ்சி. வாழைக்காய் வேகவைத்தாலும் உப்பில்லாமல்தான். வெயிலுக்குச் செம்பு செம்பாகப் பச்சைத் தண்ணீர் வேறு.

அவளைக் குற்றம் சொல்லவும் முடியாது. ஜாம்பியின் நாக்கில் ஒரு கல் உப்பு பட்டால் போதும், தான் செத்தவன் என்பது அதற்கு நினைவு வந்துவிடும். அழுதுகொண்டே எழுந்து தன் குழியைத் தேடி ஓடும். மண்ணைப் பறித்துக்கொண்டு உள்ளே போய் அங்கேயே சாகும். ஒரு தடவை பறிகொடுத்த பிள்ளையை இன்னொரு தடவை பறிகொடுக்க எந்தத் தாய் சம்மதிப்பாள்? செலிமேன் உப்புச் சட்டியை வீட்டைவிட்டே வெளியேற்றியிருந்தாள். பக்கத்து வீட்டுக்காரி கைகழுவாமல் கிட்ட வந்தாலே விரட்டினாள். உப்பு ஒட்டியிருக்குமாம்.

இதைத் தினமும் எதிர் வாசலிலிருந்து பார்த்துக்கொண்டிருந்த தியூலாவுக்குப் புதன்கிழமை காலையில் அந்த எண்ணம் வந்தது. வந்ததுமே தூக்கிவாரிப்போட்டது.

உப்பைக் கொடுத்துப் பார்த்தால் தெரிந்துவிடும். ஓடினால் அவன் அனெலூஸ், எக்சுமே கொலைகாரனைவிடக் கேடுகெட்டவன். ஓடாவிட்டால் இவன் யாரோ, எக்சுமே குற்றமற்றவன். ஆனால் ஓடினால் தம்பி செத்தான். அவனைச் சாகடித்தவள் அவள். பாவி, சொந்தத் தம்பியை வைத்தா பரீட்சை பார்ப்பாய் என்று ஒரு மனம் ஏசியது. சனிக்கிழமைக்கு மூன்றே நாள்தான் இருக்கிறது என்றது இன்னொரு மனம்.

பதினோரு மணி ஜெபக்கூட்டத்துக்கு அம்மா போனாள். "பார்த்துக்கடி, ஈ மொய்க்காம விசிறு," என்று சொல்லிவிட்டுத்தான் போனாள். அவள் தலை மறைந்ததும் தியூலா இரண்டு கருவாட்டை அடுப்பில் சுட்டு, வேகவைத்த வாழைக்காயோடு பிசைந்து எனாமல் தட்டில் எடுத்துவந்தாள்.

"தம்பி," என்றாள். "நீ என் தம்பியா இருந்தா என்னை மன்னிச்சிருடா."

முதல் வாயிலேயே அவன் மெல்லுவதை நிறுத்தினான். பிறகு தட்டை அவள் கையிலிருந்து பிடுங்கி, குனிந்து, மூச்சுவிடாமல் தின்றான். முள்ளைக்கூட விடவில்லை. தட்டை நக்கினான். வந்ததிலிருந்து முதல் தடவையாகத் தலையை நிமிர்த்தி அவள் முகத்தைப் பார்த்தான். பார்த்துவிட்டு எழுந்து, சுவரைப் பிடித்துப் பிடித்து, முற்றத்தைத் தாண்டி ஆற்றுப் பக்கமாக நடக்க ஆரம்பித்தான்.

இடுகாடு இருந்த பக்கம்.

"டேய், வேணாண்டா, வேணாண்டா," என்று முனகியபடி தியூலா பின்னாலேயே ஓடினாள். வயலில் களை எடுத்துக்கொண்டிருந்த எக்சுமே நிமிர்ந்தான். வரப்பில் தள்ளாடிப் போகிறவனையும் பின்னால் போகிற பெண்டாட்டியையும் பார்த்தான். தியூலாவும் அவனைப் பார்த்தாள். அந்த நிமிஷத்தில் அவள் மனதில் சந்தேகம்கூட இல்லை. நீதான், நீயேதான் என்று அந்தப் பார்வையிலேயே சொல்லிவிட்டாள். எக்சுமே பிடித்திருந்த களையைக் கீழே போட்டான்.

அந்த மனிதன் வாய்க்கால் கரைக்கு வந்ததும் மண்டியிட்டான். குப்புறக் கவிழ்ந்து மாடு குடிப்பது போல முகம் முழுக்கத் தண்ணீரில் விட்டுக் குடித்தான். குடித்து முடித்து, மூக்கைச் சிந்திப்போட்டுவிட்டு, திரும்பிப் பார்த்தான்.

"அக்கா, கருவாடு இன்னும் இருக்கா?"

தியூலா சேற்றிலேயே உட்கார்ந்துவிட்டாள். சிரிப்பா அழுகையா என்று அவளுக்கே தெரியவில்லை.

எக்சுமே வரப்பேறி வந்தான். அவளைத் தூக்கிவிடவில்லை. வியர்வையைத் துடைத்தபடி கொஞ்சம் தள்ளியே நின்றான். "ஊசி வைக்கலை தியூலா," என்றான் மெதுவாக. "நீ அம்மாகிட்டப் போய்க் கேட்டது எனக்குத் தெரியும். அன்னிக்கு முட்டி வரைக்கும் தண்ணி. ஊசிக்கு எங்க போறது, எள்ளுக்கு எங்க போறது? நீ வந்து ஊசி வெச்சியான்னு அழுதே. வெச்சேன்னு சொன்னேன். அழுகை நிக்கட்டும்னுதான்."

"சரி," என்றாள் அவள். பொய் சொல்கிறவன் பொய்க்குக் காரணமும் தயாராகத்தான் வைத்திருப்பான் என்று உள்ளே ஒரு குரல் சொன்னது. ஒரு நாள் உப்பு போதுமா? கருவாட்டு உப்பு உப்பில் சேர்த்தியா? நம்புவதற்கு ஒரு காரணம் கிடைத்தால் நம்பாமலிருக்க இரண்டு கிடைத்தது.

வியாழக்கிழமையும் அதே ஜெப நேரத்தில் கொடுத்தாள். இந்தத் தடவை கல் உப்பையே பயறுக் குழம்பில் அள்ளிப் போட்டாள். அவன் ஓடவில்லை. கண் தெளிந்துகொண்டே வந்தது. வெள்ளிக்கிழமை ஜெப நேரத்தில் தட்டோடு போனபோது, சுவரில் சாயாமல் நேராக உட்கார்ந்து அவளுக்காகவே காத்திருந்தான்.

"அக்கா, என் பேரு ஒஸ்னெல்," என்றான். மூக்கடைப்பு கொஞ்சம் விட்டிருந்தது. "மலை மேல எங்க ஊரு. கரும்பு வெட்டப் போனேன். அங்க பேதி வந்துச்சு, துரத்திட்டாங்க. எத்தனை நாள் நடந்தேன்னு தெரியலை. ஒரே இருட்டா இருந்துச்சு, உங்க கருவாட்டு உப்பு உள்ள போனதும்தான் தலை தெளிஞ்சுது. இங்க எல்லாரும் அனெலூஸுங்கிறீங்க, அந்தம்மா ஊட்டிவிடுது. மறுத்துப் பேசத் தெம்பில்லை. பேசினா சோறு போடமாட்டீங்களோன்னும் பயம்."

"புருவத்துல என்ன தழும்பு?"

"ஆடு முட்டுச்சு. ஏழு வயசுல."

அனெலூஸுக்கு அது மண்வெட்டி பட்ட தழும்பு. தியூலா கையிலிருந்த தட்டைக் கீழே வைத்தாள். தம்பி செத்தவன் செத்தவன்தான். மூன்று வருஷத்துக்குப் பிறகு அன்றைக்குத்தான் அவன் உண்மையாகவே செத்தது போலிருந்தது. முந்தானையில் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதாள். பிறகு, "நாளைக்கு எல்லார் முன்னாடியும் இதையே சொல்லு. அதுவரைக்கும் வாயைத் திறக்காதே," என்றாள்.

புருஷனிடம் சொல்லவில்லை. ஏன் சொல்லவில்லை என்று யார் கேட்டாலும் அவளால் ஒழுங்காகப் பதில் சொல்லியிருக்க முடியாது. அவன் உளறிவிடுவான், தோர்வில் உஷாராகிவிடுவான் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். ஆனால் அடியில் கிடந்தது வேறு. சூனியம் தெரிந்தவனாக இருந்தால் இரவோடு இரவாக அந்த ஒஸ்னெலின் நாக்கைக் கட்டிவிட மாட்டானா? எதற்கு வம்பு? ஒரே ஓர் இரவுதானே. நாளைக்கு வெளிச்சத்தில் எல்லோரோடும் சேர்ந்து கேட்டுக்கொள்ளலாம்.

சனிக்கிழமை காலை எட்டு மணிக்கே மாமரத்தடி நிறைந்துவிட்டது. ஆண்கள் வயலுக்குப் போகிறவர்கள் மாதிரியே வெட்டுக்கத்தியோடு வந்திருந்தார்கள், யாரும் வயலுக்குப் போகவில்லை. ஒருவன் பழைய டயர் ஒன்றை உருட்டிக்கொண்டுவந்து மரத்தில் சாய்த்தான். கழுத்தில் மாட்டிக் கொளுத்தத்தான் என்று தெரிந்ததால் எதற்கு என்று லிபேரிஸ்கூடக் கேட்கவில்லை. எக்சுமே சலவைச் சட்டை போட்டுக்கொண்டு, கையைக் கட்டியபடி நடுவில் நின்றான். முகம் சாம்பல் பூத்திருந்தது.

"கடைசியா கேக்கிறேன் எக்சுமே அண்ணே," என்றான் தோர்வில். "யார்கிட்ட வித்தே அவனை? ஆவி எங்க?"

"உன் அத்தை மகனை நான் புதைச்சேண்டா. வேற எதுவும் எனக்குத் தெரியாது."

"அப்ப இது யாரு? உன் மாமனா?"

"நான் அனெலூஸ் இல்லை," என்று செலிமேன் பக்கத்தில் உட்கார்ந்திருந்த அந்த மனிதன் எழுந்து நின்றான். ஊரே மூச்சை இழுத்தது. அவன் தன் பேரைச் சொன்னான், அம்மா பேரைச் சொன்னான், ஊரைச் சொன்னான், ஆடு முட்டியதைச் சொன்னான். குரல் மூக்கிலிருந்து வரவில்லை, நெஞ்சிலிருந்து வந்தது.

தோர்வில் விடவில்லை. "பாத்தீங்களா! வேற பேரை மந்திரிச்சு ஏத்தியிருக்கான்! சூனியக்காரனுக்கு இதெல்லாம் ஒரு வேலையா?"

"ஆமா ஆமா" என்று பின்னாலிருந்து குரல்கள் எழுந்தன. டயருக்குப் பக்கத்திலிருந்தவன் அதை நிமிர்த்தினான். தியூலா கூட்டத்தை முட்டித் தள்ளிக்கொண்டு நடுவே வந்தாள்.

"நான் அவனுக்கு உப்பு போட்டேன்," என்றாள். "புதன்கிழமையிலருந்து. கருவாடு போட்டேன், கல் உப்பு அள்ளிப் போட்டேன். எவனாச்சும் உப்பு தின்ன ஜாம்பி மூணு நாள் உக்காந்திருக்கிறதைப் பார்த்திருக்கீங்களா? சொல்லுங்க. பார்த்தவன் எவனாவது இருந்தா முன்னால வாங்கடா!"

யாரும் வரவில்லை. லிபேரிஸ் உப்புக்கு ஆள் அனுப்பினார். ஒரு பிடி கல் உப்பை ஒஸ்னெல் எல்லோர் கண் முன்னாலும் வாயில் போட்டுக் கடித்தான். முகத்தைச் சுளித்தான். "தண்ணி," என்றான். அவ்வளவுதான். யாரோ ஒருத்தி களுக்கென்று சிரித்தாள். முடிவெட்டுக்காரன் தைரியம் வந்து அவன் முதுகில் தட்டினான். ஐந்து நிமிஷத்தில் ஊர் அப்படியே மாறிப்போனது. எனக்கு அப்பவே தெரியும் என்று பத்துப் பேர் சொன்னார்கள். தோர்வில், "நான் நல்லதுக்குத்தான் செஞ்சேன்," என்று தரையைப் பார்த்துச் சொன்னான். அதுவும் உண்மையாகத்தான் இருக்க வேண்டும், அவன் கண் கலங்கியிருந்தது. டயரை உருட்டிவந்தவன் உருட்டிக்கொண்டே போய்விட்டான்.

செலிமேன் மட்டும் அசையவில்லை. மெதுவாக மகளிடம் வந்தாள். பளாரென்று ஓர் அறை விட்டாள்.

"அவன் என் புள்ளையா இருந்திருந்தா? இருந்திருந்தா என்னடி பண்ணியிருப்பே? என்கிட்ட ஒரு வார்த்தை கேட்டியா? கொன்னுருப்பியேடி!"

தியூலா கன்னத்தைத் தடவவில்லை. ஒஸ்னெல்தான் வந்து கிழவியைத் தாங்கிப் பிடித்தான். "வாங்க அம்மா, வெயில்ல நிக்காதீங்க," என்று கூட்டிப்போனான். அம்மா போகும்போது அவன் தோளில் சாய்ந்துதான் போனாள்.

வீட்டுக்கு வரும் வழியெல்லாம் எக்சுமேவுக்குக் கைகொடுக்கவும் கட்டிக்கொள்ளவும் ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். அவன் எல்லோருக்கும் தலையாட்டினான். வீட்டு வாசல் வந்ததும் கட்டையில் உட்கார்ந்தான்.

"உனக்கு எப்ப தெரியும்?" என்றான்.

"நேத்து."

"நேத்து காலையிலயா?"

"ஆமா."

"ராத்திரி முழுக்க முழிச்சுக்கிட்டுக் கிடந்தேன். விடிஞ்சா செத்தேன்னு நினைச்சுக்கிட்டுக் கிடந்தேன். நீ பக்கத்துலதான் படுத்திருந்தே. நீயும் தூங்கலை."

"எக்சுமே..."

"ஒண்ணே ஒண்ணு சொல்லு. புதன்கிழமை அவன் வாய்க்கால்ல நிக்காம ஓடியிருந்தா?"

பொய் சொல்லலாம். அழுகை நிற்கட்டும் என்று அவன் சொன்ன மாதிரி அவளும் ஒன்று சொல்லலாம். ஆனால் இந்தப் பத்து நாளில் பொய் என்றாலே அவளுக்குக் குமட்டியது.

"நானே உன்னைக் கைகாட்டியிருப்பேன்," என்றாள்.

எக்சுமே தலையாட்டினான். கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் அவளுக்குத் தேவலையாக இருந்திருக்கும். எழுந்து போய் முகம் கழுவினான், சலவைச் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினான். அவள் அவசர அவசரமாக அடுப்பு மூட்டினாள். அவனுக்குப் பிடித்த மாதிரி பயறு போட்டு அரிசி வேகவைத்து, மேலே பொரித்த வாழைக்காய் வைத்து, தட்டை நிறைத்துக் கொண்டுவந்து அவன் முன்னால் வைத்தாள். காலையிலிருந்து பச்சைத் தண்ணீர்கூட அவன் வாயில் படவில்லை.

அவன் கரண்டியை எடுத்தான். சோற்றைக் கிளறினான். ஆவி பறந்தது. பிறகு கரண்டியைத் தட்டிலேயே வைத்துவிட்டுத் தட்டை அவள் பக்கமாக மெல்லத் தள்ளினான்.

"நீ முதல்ல ஒரு வாய் சாப்பிடு," என்றான்.

விளையாட்டுக்குச் சொல்கிறானோ என்று முகத்தைப் பார்த்தாள். அவன் தட்டைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். தியூலா கரண்டியை எடுத்தாள். ஒரு வாய் அள்ளிப் போட்டு, மென்று, அவன் பார்க்க விழுங்கினாள். அவன் இன்னும் கொஞ்ச நேரம் பொறுத்திருந்துவிட்டுத்தான் தட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டான்.